மறுமொழி: மாயா ஸ்டெலாவுக்கு ‘நடுகல்’ பொருந்துமா? என் பரிந்துரை ‘நாட்டுகல்’

குழுமத்தார் அனைவருக்கும் வணக்கம்.

மூன்று நாளாக இந்த இழையைப் படித்துக்கொண்டுதான் இருக்கிறேன், ஊர் திரும்பிய களைப்பில் பதில் எழுத முடியவில்லை. ஸ்டெலாவுக்கு, அதாவது உருவமும் எழுத்தும் செதுக்கி நிமிர்த்தி நிறுத்திய கல்லுக்கு, தமிழ்ச் சொல் கேட்டவள் நான்தான், ஆனால் எதற்குக் கேட்டேன் என்பதைச் சொல்லாமல் விட்டுவிட்டேன், அதனால்தான் பேச்சு எகிப்துக்கும் கிரேக்கத்துக்கும் போய்விட்டது. நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன்.

அண்ணன் வேலை நிமித்தமாக மெக்சிகோவில் இருக்கிறான். அவனைப் பார்க்க அம்மாவும் நானும் போயிருந்தோம். மெக்சிகோ நகரத்தில் சப்புல்தெபெக் பூங்காவை ஒட்டி இருக்கும் தேசிய மானிடவியல் அருங்காட்சியகத்தை ஒரு வழிகாட்டியோடு சுற்றிப் பார்த்தோம். தனியாகப் போனால் அங்கே தொலைந்துபோவோம், அவ்வளவு பெரிய இடம். வாசலிலேயே சுமார் 168 டன் எடையுள்ள மழைத்தெய்வச் சிலை நிற்கிறது, 1964இல் கோவாத்லிஞ்சான் என்ற ஊரிலிருந்து வண்டியில் ஏற்றிக் கொண்டுவந்தது. உள்ளே முற்றத்தில் ஒற்றைத் தூண் தாங்கும் பிரம்மாண்டமான கூரை, தூணைச் சுற்றித் தண்ணீர் கொட்டிக்கொண்டே இருக்கிறது. வழிகாட்டி ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல, நான் அரை வாக்கியம் பின்னால் அம்மா காதில் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். இந்த மடலுக்கும், நான் எழுதிக்கொண்டிருக்கும் தமிழ்க் கையேட்டுக்கும் அதுதான் தொடக்கம்.

பாதி தூரம் வரை சிக்கலே இல்லை. தியோதிவாக்கான் என்ற பழைய நகரத்துக்கான கூடத்தில் பச்சூக்கா மலைப்பக்கத்துப் பச்சை நிறக் கண்ணாடிக்கல், கத்தியாகவும் அம்புமுனையாகவும் இருந்தது. “எரிமலைக் கண்ணாடி” என்றேன், அம்மாவுக்கு உடனே புரிந்தது, எரிமலைக் குழம்பு சட்டென்று ஆறி இறுகினால் கண்ணாடி மாதிரி ஆகிவிடும் என்று நான் விளக்கக்கூட வேண்டியிருக்கவில்லை. இந்தச் சொல்லை யாரும் மாற்ற வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். அடுத்து மெஹிகா (ஆஸ்டெக் மக்கள்) கூடத்தில் 1790இல் நகரத்தின் நடுச் சதுக்கத்தில் தோண்டியெடுத்த, கிட்டத்தட்ட 24 டன் எடையுள்ள வட்டக்கல். “சூரியக்கல்” என்றேன், முடிந்தது.

தெற்கு மெக்சிகோவிலும் குவாத்தமாலாவிலும் நகரங்கள் கட்டிய மாயா மக்களின் கூடத்தில்தான் மாட்டிக்கொண்டேன்.

ஆள் உயரத்துக்கும் மேலே ஒரு சுண்ணாம்புக்கல் பலகை. நடுவில் ஓர் அரசன், தலைக்கு மேல் தலையைவிடப் பெரிய இறகுக் கிரீடம், பக்கத்தில் கட்டம் கட்டமாக எழுத்து. வழிகாட்டி விரலால் காற்றில் வரைந்து காட்டினார்: இரண்டிரண்டு பத்தியாக, இடமிருந்து வலம், பிறகு ஒரு வரி கீழே இறங்கி மறுபடியும் இடமிருந்து வலம் என்று படிக்க வேண்டும். மேலே ஓர் இடத்தில் ஒரு கோடும் நான்கு புள்ளிகளும். கோடு ஒன்றுக்கு 5, புள்ளி ஒன்றுக்கு 1, ஆக 9. அந்த ஒன்பதைப் பார்த்ததுமே இது கி.பி. 435க்கும் 830க்கும் இடைப்பட்ட கல் என்று சொல்லிவிடலாம், ஏனென்றால் நாட்களை ஒரு தொடக்க நாளிலிருந்து எண்ணிக்கொண்டே போகும் அவர்களுடைய நெடுங்காலக் கணக்கில் முதல் எண் 9 ஆக இருந்த காலம் அதுதான். அம்மா அந்தப் புள்ளிகளைத் தானே ஒருமுறை எண்ணிப் பார்த்தார்.

“இது என்ன கல்லுடி?” என்று கேட்டார். யோசிக்காமல் “நடுகல்” என்று சொல்லிவிட்டேன்.

அம்மா தர்மபுரிப் பக்கம். வேடியப்பன் என்று கும்பிடுகிற கல்லெல்லாம் நடுகல்தான் என்பது அவருக்குச் சின்ன வயதிலிருந்தே தெரியும். அடுத்த நொடியே, “பாவம், எந்தச் சண்டையில செத்தார் இவர்?” என்று கேட்டார். நான் அதை வழிகாட்டியிடம் கேட்க, அவர் கொஞ்சம் திகைத்துப்போய், “இல்லையே, இதை நிறுத்தும்போது அவர் உயிரோடு இருந்தார், நிறுத்தியதே அவர்தான்” என்றார்.

அந்த இடத்தில் என் மொழிபெயர்ப்பு தப்பு என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அம்மா தமிழை மிகச் சரியாகப் புரிந்துகொண்டார். நான் கொடுத்த சொல்தான் அவரை வேறு இடத்துக்குக் கூட்டிப்போய்விட்டது. இப்போது உங்கள் பரிந்துரைகளுக்கு வருகிறேன்.

> நடுகல் என்பது நட்ட கல், அவ்வளவுதானே. இறப்பு என்ற பொருள் சொல்லிலேயே இல்லை.

ஐயா, சொல்லில் இல்லை, ஆனால் வழக்கில் இருக்கிறது, அதுவும் இரண்டாயிரம் ஆண்டுகளாக. தொல்காப்பியம் காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்தல் என்று படிப்படியாகச் சொல்வது இறந்த வீரனுக்கான கல்லைத்தான். தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் கிடைத்த தமிழ்ப் பிராமிக் கல்லும் ஆகோள் பூசலில் (மாடு கவரும் சண்டையில்) இறந்தவனுக்கு எடுத்ததுதான். இவ்வளவு கனமான ஒரு சொல்லை வேறு வழக்கத்துக்குக் கொடுத்தால், படிப்பவர் அந்தக் கனத்தையும் சேர்த்தே எடுத்துக்கொள்வார். முன்னோரின் உருவத்தைச் செதுக்கிய மாயா கற்களும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் பெரும்பாலும் உயிரோடிருக்கும் அரசன், தன் காலக்கணக்கில் ஒரு சுற்று நிறைவதைக் கொண்டாடித் தன் பெயரில் நிறுத்தியது. 7,200 நாள் கொண்ட காத்துன் என்ற சுற்று நிறையும்போது நிறுத்துவார்கள், சில ஊர்களில் அதில் கால் பங்கான 1,800 நாளுக்கு ஒருமுறைகூட நிறுத்தினார்கள்.

இது சின்ன வித்தியாசம் இல்லை என்பதற்கு ஆராய்ச்சி வரலாறே சாட்சி. நெடுங்காலம் அறிஞர்கள் இந்தக் கற்களில் இருப்பது வெறும் காலக்கணக்கும் வானியலும்தான், உருவங்கள் தெய்வங்களோ பூசாரிகளோ என்றுதான் நினைத்திருந்தார்கள். 1960இல் தாத்தியானா ப்ராஸ்கூரியாக்காஃப் என்ற ஆய்வாளர் குவாத்தமாலாவின் பியெத்ராஸ் நெக்ராஸ் என்ற பழைய மாயா நகரத்துக் கற்களைத் தொகுதி தொகுதியாகப் பிரித்துத் தேதிகளை வரிசையாக வைத்துப் பார்த்தார். எந்தத் தொகுதியும் ஒரு மனிதர் வாழக்கூடிய காலத்தைத் தாண்டவில்லை. அப்படியானால் ஒவ்வொரு தொகுதியும் ஓர் அரசனின் ஆட்சி. கல்லில் இருப்பது பிறப்பு, முடிசூட்டு மாதிரியான வாழ்க்கைச் செய்திகள். மாயா வரலாற்றைப் படிக்கும் முறையே அதோடு மாறிப்போனது. உயிரோடிருந்தவர்களின் கல் என்று கண்டுபிடிக்க அவ்வளவு உழைப்பு தேவைப்பட்டிருக்கிறது, அதைப் போய் நாம் தமிழில் சாவுக்கல் ஆக்கிவிடக் கூடாது என்பதுதான் என் கவலை.

> கற்பலகை என்று எளிமையாக வைத்துக்கொள்ளலாமே?

கற்பலகை என்றால் பள்ளிக்கூடச் சிலேட்டுதான் எனக்கு நினைவுக்கு வருகிறது. அதோடு, படுத்திருந்தாலும் பலகைதான். இது நின்றே ஆக வேண்டிய கல். குவாத்தமாலாவின் கிரிகுவா என்ற மாயா ஊரில் 771இல் நிறுத்திய ஒன்று, மண்ணுக்குள் புதைந்த பகுதியையும் சேர்த்தால் சுமார் 10.6 மீட்டர். அதை நிறுத்திய காக் திலிவ் என்ற அரசன் 738இல் கோப்பான் என்ற இன்னொரு மாயா நகரத்தின் அரசனைப் பிடித்துத் தலையை வெட்டியவன். வலுவான கோப்பானைவிடச் சின்ன ஊராக இருந்த தன் ஊரில் இவ்வளவு உயரத்துக்குக் கல் எழுப்பியிருக்கிறான் என்றால் அதன் நிமிர்வே ஒரு செய்தி. பலகை என்ற சொல்லில் அந்த நிமிர்வு வராது.

> பெருங்கல், நெடுங்கல், குத்துக்கல் இவற்றில் ஒன்று?

மூன்றையும் நம் தொல்லியலார் ஏற்கெனவே எடுத்துக்கொண்டார்கள். பெருங்கற்காலம் என்று ஒரு காலத்துக்கே பெயர். நெடுங்கல்லும் குத்துக்கல்லும் எழுத்தோ உருவமோ இல்லாமல் நிற்கும் பழைய கற்களுக்கு வழங்குகின்றன. குத்துக்கல் எனக்கு மிகவும் பிடித்த சொல், மண்ணில் ஊன்றி நிற்பதை அப்படியே காட்டுகிறது, ஆனால் இடம் காலி இல்லை.

சரி, மாயாக்களே இதை என்னவென்று சொன்னார்கள் என்று பார்த்தேன். டேவிட் ஸ்டூவர்ட் முதலிய எழுத்தாய்வாளர்கள் படித்துச் சொல்வது: கல்லின் பெயர் லகம்துன். துன் என்றால் கல். லகம் என்றால் பெரிய என்றும் கொள்ளலாம், கொடி என்றும் கொள்ளலாம். கல்லை நிறுத்தியதைச் சொல்ல அவர்கள் பயன்படுத்திய வினைக்கு மண்ணில் ஊன்றுதல், நடுதல் என்று பொருள். அதாவது ‘இன்ன நாளில் இன்ன அரசன் தன் லகம்துன்னை நாட்டினான்’ என்கிற மாதிரிதான் அந்த வாசகம் இருக்கிறது. ஆகவே நடுகல் என்று சொன்ன ஐயா வினையைச் சரியாகத்தான் பிடித்திருக்கிறார், அதை நான் மனதார ஒப்புக்கொள்கிறேன்.

இன்னொன்று. கால நிறைவில் செய்யும் சடங்குக்கு அவர்கள் வைத்த பெயரைத் தமிழில் எழுதினால் ‘கல்துன்’ என்று வருகிறது. அங்கே துன்தான் கல், முன்னால் இருக்கும் ‘கல்’ கட்டுதல் என்ற வினை. ஒலி ஒத்துப்போவது தற்செயல். இதை வைத்து மாயாவுக்கும் தமிழுக்கும் உறவு என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம், கெஞ்சிக் கேட்கிறேன். இதே குழுமத்தில் நல்ல இழைகள் பல அப்படித்தான் திசைமாறிப் போயின.

என் பரிந்துரை நாட்டுகல். நடு என்பதற்கு உறவான நாட்டு என்ற வினையிலிருந்து. வெற்றித்தூண் நாட்டினான் என்கிறோம், கொடி நாட்டினான் என்கிறோம், பந்தக்கால் நாட்டுகிறோம், இன்றும் எந்த ஊரிலும் அடிக்கல் நாட்டு விழா நடக்கிறது. எல்லாமே நாள் பார்த்து, உயிரோடிருப்பவர், பலர் முன்னிலையில், தன் பெயர் விளங்கச் செய்வது. மாயா அரசன் செய்ததும் அதேதான். லகம் என்பதில் இருக்கும் கொடியும் இந்த வினைக்குள் தானாக வந்து உட்கார்ந்துகொள்கிறது.

ஒரு தோழி தனிமடலில் கேட்டார், எல்லாரும் ‘நாட்டுக்கல்’ என்று ஒற்றுப் போட்டு எழுதி, நாட்டுக்கோழி மாதிரி உள்ளூர்க் கல் ஆக்கிவிட மாட்டார்களா என்று. நியாயமான பயம். ஆனால் இது வினைத்தொகை, ஒற்று மிகாது. ஊறுகாயை ஊறுக்காய் என்றோ சுடுகாட்டைச் சுடுக்காடு என்றோ யாரும் எழுதுவதில்லை. நடுகல் பக்கத்திலேயே நாட்டுகல் இருந்தால் கண் பழகிவிடும். நடுகல் இறந்தவருக்குப் பிறர் நட்டது, நாட்டுகல் இருப்பவர் தானே நாட்டியது என்று ஒரே வரியில் பிள்ளைகளுக்கு வேறுபாட்டைச் சொல்லிக்கொடுக்கவும் முடியும்.

அம்மாவிடமும் கேட்டுப் பார்த்தேன். நேற்று ராத்திரி, தோசை ஊற்றிக்கொண்டிருந்தார். “அம்மா, நாட்டுகல்னு ஒரு கல்லு இருந்தா அது என்னவா இருக்கும்?” என்றேன். கரண்டியை வைத்துவிட்டுக் கொஞ்சம் யோசித்தார். “யாரோ பெரிய மனுஷன் பேர் பொறிச்சு நிறுத்தினதா இருக்கும்” என்றார். சண்டை, சாவு என்று எதுவும் கேட்கவில்லை.

ஆகவே மாயா கூடம் பற்றிய பக்கத்தில் நாட்டுகல் என்றே எழுதப் போகிறேன், முதல் இடத்தில் மட்டும் லகம்துன் என்ற அவர்கள் பெயரையும் சேர்த்துத் தருவேன். மாயாவின் நல்ல காலத்துக்கு முந்தைய ஓல்மெக் மக்களின் கற்களுக்கும், இசாப்பா என்ற ஊரின் கற்களுக்கும் இதே சொல் போதும் என்று நினைக்கிறேன். அவற்றில் பலவற்றில் தேதி இல்லை என்பதால்தான் இன்னொருவர் சொன்ன ‘காலக்கல்’லை, அழகான சொல்லாக இருந்தும், விட வேண்டியதாயிற்று. எதிர்ப்பு இருந்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் சொல்லுங்கள், அன்றுதான் அந்தப் பக்கத்தை முடிக்கிறேன்.

அப்புறம், இந்தக் கற்களுக்கு முன்னால் பல இடங்களில் வட்டமாகத் தாழ்வான ஒரு கல் இருக்கும். ஆங்கிலத்தில் அதைப் பலிபீடம் என்கிறார்கள், ஆனால் அவற்றில் சில அரசன் உட்காரும் இருக்கைகளாக இருந்தவை. அதற்குப் பலிபீடம் என்று எழுத எனக்குக் கை வரவில்லை. ‘முன்கல்’ என்று தற்காலிகமாக வைத்திருக்கிறேன். உங்களுக்கு என்ன தோன்றுகிறது?