கீட்டனின் ஊமைப்படக் குறும்படங்கள்: எந்த வேகத்தில் ஓடவிடுவது?

ரீல்பெட்டி: பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' (1920), நொடிக்கு 24 ஃபிரேம் கோப்பு. எல்லாரும் காலில் வெந்நீர் ஊற்றியதுபோல ஓடுகிறார்கள். 16க்குக் குறைத்தால் சரியாகுமா? கையால் சுற்றி எடுத்த படம், வேகம் ஏனோதானோ என்றுதானே இருந்திருக்கும்?

இருட்டறை: 16 வேண்டாம், சிரிப்பு செத்துவிடும். கேமரா கைப்பிடி ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம். நொடிக்கு இரண்டு சுற்று என்றால் 16. துரத்தல் காட்சி வந்தால் வேண்டுமென்றே ஒன்றரைச் சுற்றுக்கு, அதாவது 12க்கு இறங்குவார்கள். தியேட்டரிலும் எடுத்ததைவிட வேகமாகத்தான் ஓட்டினார்கள்; அதை மனதில் வைத்தே எடுத்த படங்கள் இவை. 20–22 வைத்துப் பாருங்கள்.

ஏனோதானோ என்பதெல்லாம் சும்மா. 'தி பிளேஹவுஸ்' (1921) படத்தில் ஒரே மேடையில் ஒன்பது கீட்டன்கள். லென்ஸின் ஒரு கீற்றை மட்டும் திறந்து எடுத்து, ஃபிலிமைப் பின்னால் சுற்றி, அடுத்த கீற்றைத் திறந்து மறுபடி எடுக்க வேண்டும். ஒரு தடவை கைப்பிடி பிசகினாலும் ஒன்பது பேரும் தாளம் தப்புவார்கள். கேமராமேன் எல்ஜின் லெஸ்லியின் கை அப்படி.

நாலாவது ஃபிரேம்: வேகத்தைத் தொடுமுன் கோப்பைச் சோதியுங்கள். விஎல்சி வீடியோ பிளேயரில் ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்துங்கள். மூன்று நகர்ந்து நாலாவது அசையாமல் நின்றால், 18ஐ 24 ஆக்க ஏற்கெனவே ஃபிரேமை இரட்டித்திருக்கிறார்கள். அதை இன்னும் குறைத்தால் இழுவைதான்.

அப்படி இல்லையென்றால், யாராவது மார்பளவு உயரத்திலிருந்து நேராக விழும் இடத்தைப் பிடியுங்கள். 1.25 மீட்டர் விழ அரை நொடி ஆகும், 24ல் 12 ஃபிரேம். எட்டிலேயே தரையைத் தொட்டால் அது 16ல் எடுத்த ஷாட். துரத்தல் காட்சியில் இதைச் செய்யாதீர்கள். அங்கே வேகத்தைக் கூட்டியது அவர்களேதான்.

ரீல்பெட்டி: இரட்டிப்பு இல்லை. விழும் ஷாட் 9 ஃபிரேம்.

நாலாவது ஃபிரேம்: அப்படியென்றால் 18ல் எடுத்தது. பிளேபேக் வேகம் 0.88 வையுங்கள், 21 வரும். பின்னணி இசை பிற்பாடு சேர்த்தது, அதுவும் கூடவே இழுபடும், ஒலியை அணைத்துவிடுங்கள். கோப்பையே நிரந்தரமாக மாற்றுவதானால் ஃபிரேம்களைக் கலக்கும் வசதியை அணைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் கடைசியில் ரயில் வீட்டை நொறுக்கும் இடத்தில் ஒவ்வொரு பலகையும் இரண்டிரண்டாகத் தெரியும்.