காணி வழக்கு அப்புக்காத்து எப்படி ‘தந்தை செல்வா’ ஆனார்?

சட்டமாணவி:
வணக்கம். கொழும்பில் சட்டம் படிக்கிறேன். எங்கள் வீட்டில் ‘தந்தை செல்வா’ என்ற தமிழ்த் தலைவர் எஸ்.ஜே.வி. செல்வநாயகத்தின் படம் அம்மம்மா காலத்திலிருந்தே தொங்குகிறது, ஆனால் அவருடைய தொழிலைப் பற்றி ஒருவரும் கதைத்ததில்லை. காணி வழக்கு போன்ற சிவில் வழக்குகளில் பெயர் எடுத்த அப்புக்காத்து (வழக்கறிஞர்), 1947இல் காங்கேசன்துறை எம்.பி. ஆனபோது வயது 49. தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜீ.ஜீ. பொன்னம்பலம் போல மேடையைக் கட்டியாளும் குரலும் இல்லை. இப்படி ஒருவரைச் சனம் ஏன் நம்பியது? வழக்கறிஞர் தொழில் அவருடைய அரசியலுக்கு உதவியதா, தடையாக இருந்ததா?

தெல்லிப்பழையான்:
தங்கச்சி, நல்ல கேள்வி. அவர் பிறந்தது மலாயாவில், ஈப்போவில், 1898இல். சின்ன வயதிலேயே தாயோடு தெல்லிப்பழைக்கு வந்துவிட்டார். முதலில் வாத்தியார்தான், விஞ்ஞானம் படிப்பித்தவர். தம்பி சாகக் கிடந்தபோது பள்ளியில் லீவு கொடுக்கவில்லை, வேலையை விட்டுவிட்டார். அதற்குப் பிறகுதான் சட்டம்.

என்னைக் கேட்டால் தொழில் உதவியது. காணி வழக்கு பேசுகிறவனுக்கு காணி உறுதியை (உரிமைப் பத்திரத்தை) வரி வரியாக வாசிக்கத் தெரிய வேண்டும், எந்த வரியில் எல்லை நகர்கிறது என்று பார்க்கத் தெரிய வேண்டும். 1948இல் குடியுரிமைச் சட்டம் வந்தபோது அவர் பார்த்தது அதைத்தான். மலையகத் தமிழர் லட்சக்கணக்கில் நாடற்றவர்களானார்கள், பொன்னம்பலமோ பிரதமர் டி.எஸ். சேனநாயக்க அரசில் அமைச்சரானார். இன்று அவர்களுக்கு வந்தது நாளை நமக்கும் வரும் என்று சொல்லித் தமிழ்க் காங்கிரஸிலிருந்து பிரிந்துபோய், 1949 டிசம்பரில் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார். அதற்கு அவருக்குக் கிடைத்த கூலி 1952 தேர்தலில் தோல்வி, அதுவும் சொந்தத் தொகுதியில்! அந்தத் தோல்விக்குப் பிறகும் வரவு குறையாத கொழும்புத் தொழிலோடு அவர் நின்றுவிடவில்லை பாருங்கோ, சனம் நம்பியது அதனால்தான்.

பழைய_ஏடு:
அண்ணை சொன்னதில் பாதியைத்தான் ஏற்கிறேன். உறுதி வாசித்த பழக்கம்தான் அவருக்கு வினையும் ஆனது. கையெழுத்து வைத்தால் மற்றவன் கட்டுப்படுவான் என்பது நீதிமன்றப் பழக்கம். 1957 ஜூலையில் பிரதமர் பண்டாரநாயக்காவோடு ஒப்பந்தம் செய்தார், நல்ல ஒப்பந்தம். பிராந்திய சபைகள், வடக்கு கிழக்கில் தமிழில் நிர்வாகம், குடியேற்றத் திட்டங்களில் காணி யாருக்குக் கொடுப்பது என்பதை அந்தச் சபைகளே தீர்மானிக்கும் என்பது வரைக்கும் அதில் இருந்தது. காணி வழக்கறிஞரின் கண் அங்கே தெரிகிறது, மறுக்கவில்லை. அப்புறம் என்ன நடந்தது? 1958 ஏப்ரலில் பிக்குமார் பிரதமரின் வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்தார்கள். ஒப்பந்தம் ரத்து என்று வாயால் சொன்னது போதாது, எழுதித் தா என்று கேட்டு வாங்கிக்கொண்டுதான் எழும்பினார்கள்.

அதற்குப் பிறகும் 1965இல் டட்லி சேனநாயக்கவோடு இன்னொரு ஒப்பந்தம். அதுவும் சட்டமாகவில்லை. நீதிமன்றத்தில் ஒருவன் ஒப்பந்தத்தை மீறினால் கட்டளை எடுக்கலாம், ஒரு பிரதமர் மீறினால் எங்கே போவது? லண்டனில் இருந்த மேல்முறையீட்டு மன்றமான கோமறை மன்றத்திலும் (பிரிவி கவுன்சில்) கதவு மூடியாகிவிட்டது, குடியுரிமைச் சட்டம் செல்லும் என்று 1953இலேயே சொல்லிவிட்டார்கள். இரண்டாவது முறையும் நம்பியது பிழை என்றுதான் நினைக்கிறேன். அவர் மேல் எனக்கு மரியாதை குறைவில்லை, ஆனால் அந்தப் பிழையின் விலையைக் கொடுத்தது நாங்கள்.

மாவிட்டபுரம்:
தம்பி, சத்தியாக்கிரகத்தையும் சேர்த்துச் சொல்லுங்கள். 1956 ஜூன் 5, சிங்களம் மட்டும் சட்டம் நாடாளுமன்றத்துக்கு வந்த அன்று, காலிமுகத்திடலில் உட்கார்ந்து அடி வாங்கிய கூட்டத்துக்குத் தலைவர் அவர். 1961இல் யாழ்ப்பாணக் கச்சேரி (மாவட்ட அரச அலுவலகம்) வாசலிலும் நின்றவர். காகிதத்தை மட்டும் நம்பிய மனிதர் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

1975 இடைத்தேர்தலில் எனக்குப் பதினொரு வயது. அப்பா சைக்கிள் பாரில் இருத்திக் கூட்டத்துக்குக் கொண்டுபோனார். பார்க்கின்சன் நோய், கை நடுங்கிக்கொண்டே இருந்தது. ஒலிபெருக்கிக்கு முன்னால் நின்று பேசினார், ஒரு சொல்லும் எனக்கு விளங்கவில்லை. பக்கத்தில் நின்றவர் ஒவ்வொரு வசனமாகத் திருப்பிச் சொன்னார். அவ்வளவு சனமும் மூச்சுக் காட்டாமல் காத்திருந்தது. 1972 அரசியலமைப்பைத் தமிழர் ஏற்கவில்லை என்று காட்டத்தான் பதவியைத் துறந்திருந்தார், ஆனால் அரசு தேர்தலை இரண்டு வருடத்துக்கு மேல் இழுத்தடித்தது. கடைசியில் 16,470 வாக்கு வித்தியாசத்தில் வென்றார். பெரும்பாலும் சைவச் சனம் வாழும் தொகுதி, அவர் கிறிஸ்தவர். அதைப் பற்றி எங்கள் வீட்டில் ஒரு பேச்சும் எழும்பியதில்லை.

சட்டமாணவி:
எல்லாருக்கும் நன்றி. மாவிட்டபுரம் ஐயா எழுதியதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். ஒரே ஒரு கேள்வி, அரசியலுக்கு வந்த பிறகு வழக்கறிஞர் கோட்டை ஒரேயடியாகக் கழற்றிவிட்டாரா?

தெல்லிப்பழையான்:
இல்லை. 1976இல் தமிழ்த் தலைவர் அமிர்தலிங்கத்தையும் மற்றவர்களையும் ட்ரயல் அட் பார் முறையில் (ஜூரி இல்லாமல் நீதிபதிகள் குழு முன்) விசாரித்தபோது குற்றம் சாட்டப்பட்டவர்களுக்காக அறுபதுக்கும் மேற்பட்ட சட்டத்தரணிகள் ஆஜரானார்கள். முன்னின்று வாதாடியவர் ஜீ.ஜீ. பொன்னம்பலம். அதே பக்கத்தில் செல்வநாயகமும் இருந்தார், 78 வயதில். 1948இல் பிரிந்த இரண்டு பேரும் ஒரே வழக்கில். அடுத்த வருடம் பெப்ரவரியில் ஜீ.ஜீ. போனார், ஏப்ரலில் இவர்.