சுந்தராம்பாள் குடும்பம் (வாட்ஸ்அப் குழு)

சித்தி (மார்க்கம்): சனிக்கிழமை ரகுன்ர பிள்ளைக்கு 31ஆம் நாள் எல்லோ. ஹோலுக்கு 60 பேர் எண்டு சொல்லிப்போட்டன். பேர் சொன்னாத்தான் கேக்கில எழுதலாம்

ரகு அண்ணா: பேர் பதியவும் 30 நாள்தான் சித்தி. வெள்ளிக்குள்ள முடிக்கவேணும்

அம்மா: அச்சுவினி முதலாம் பாதம். சு, சே, சோ, ல. ஐயர் எழுதித் தந்தவர்

கொக்குவில் பெரியப்பா: சுந்தராம்பாள். இதில யோசிக்க என்ன இருக்கு.

ஜனா: பெரியப்பா கனடா ரீச்சருக்கு வாய் உளுக்கும்

கொக்குவில் பெரியப்பா: பழகட்டும்.

துஷி மச்சாள்: பரிஸ் மாமி சூரியா எண்டு சொன்னவ. எனக்குப் பிடிச்சிருக்கு

கொக்குவில் பெரியப்பா: அது ஆம்பிளைப் பேர். நடிகன்ர பேர்.

மெல்பேர்ண் சித்தப்பா: (பகிரப்பட்டது) தமிழராய்ப் பெருமை கொள்வோம்!! 5 முறை ஐரோப்பிய சம்பியனான ஐஸ் ஸ்கேட்டிங் வீராங்கனை சூரியா போனாலி ரியூனியன் தீவில் பிறந்த தமிழ்ப் பெண்!! 10 குழுக்களுக்கு அனுப்புங்கள்!!

மெல்பேர்ண் சித்தப்பா: பாத்தீங்களோ. பொம்பிளைப் பேர்தான். எங்கட ஆக்கள்

பரிஸ் மாமி: தம்பி, உதை இன்னும் ஒராளுக்கும் அனுப்பாதை. 5 தரம் ஐரோப்பிய சம்பியன் எண்டது சரி, 1991 துவங்கி 1995 வரை ஒரு வருசமும் விடேல்லை. மற்றது பிழை. அவ பிறந்தது பிரான்சில நீஸ் எண்ட ஊரில, 1973 மார்கழி 15. குளோதின் எண்டு பேர். எட்டு மாசக் குழந்தையா இருக்கேக்க சுசான், ஜோர்ஜ் போனாலி எண்ட வெள்ளைக்காரத் தம்பதி தத்தெடுத்தவை. சூரியா வருணா எண்டு வைச்சது அவைதான். ரியூனியனில பிறந்தவ எண்ட கதை அவ ஆடத் துவங்கின காலத்தில பேப்பருக்குச் சொன்ன கதை. கறுப்புப் பிள்ளை, பேர் சூரியா எண்ட உடன எங்கட ரத்தம் எண்டு எழுதினால், வளத்த தாய் எங்க போறது? அந்தத் தாய் விளையாட்டு ரீச்சர். கடைசிவரை பக்கத்தில நிண்டு பழக்கினது அவதான்

மெல்பேர்ண் சித்தப்பா: ஏற்கெனவே 3 குழுக்கு அனுப்பிட்டன் அக்கா

பரிஸ் மாமி: அழி

சித்தி (மார்க்கம்): ரோல்ஸ் 120 காணுமோ 150 சொல்லுறதோ

அம்மா: 150. போன முறை காணாமல் போய் ஆர் ஆரோ கதைச்சவை

ஜனா: யார் எண்டு எல்லாருக்கும் தெரியும்

அம்மா: ஜனா சும்மா இரு

நான்: மாமி உங்களுக்கு இந்தப் பேர் எப்பிடித் தெரியும்?

பரிஸ் மாமி: நான் 90ல வந்தனான் பிள்ளை. 92 மாசியில அல்பேர்வில் ஒலிம்பிக். எனக்குப் பிரெஞ்சு ஒரு சொல் தெரியாது. அகதியள் விடுதியில ஒரு ரீவி, அதுக்கு முன்னால பத்து நாட்டுச் சனம். துவக்க நாள் எல்லா வீரர்களுக்கும் பதிலா சத்தியம் செய்ய ஒரு பிள்ளையைக் கூப்பிட்டவை. அறிவிக்கிறவன் வாயில எனக்கு விளங்கின ஒரே சொல் சூரியா. திடுக்கிட்டுப் போனன். அண்டையில இருந்து அவவின்ர ஒரு ஆட்டமும் விடுறேல்லை

பரிஸ் மாமி: அந்த ஒலிம்பிக்கில அஞ்சாவது. ஆனா ஆகாயத்தில நாலு சுத்து சுத்தப் பாத்தவ. அப்ப பொம்பிளையள் ஆரும் செய்யிறேல்லை. கடைசிக் கொஞ்சம் சுத்து முடியேல்லை எண்டு கணக்கில எடுக்கேல்லை. ஒரு பொம்பிளை நாலு சுத்து முழுசா விழுத்தி அது கணக்கில ஏற 2002 ஆச்சு, ஜப்பான் பிள்ளை மிக்கி அண்டோ

ஜனா: மாமி எல்லாம் மனப்பாடம்

கொக்குவில் பெரியப்பா: ஒலிம்பிக்கில பதக்கம் இருக்கோ இல்லையோ.

பரிஸ் மாமி: இல்லை. 94ல லில்லஹம்மரில நாலாவது. உலகப் போட்டியில மூண்டு வெள்ளி, 93, 94, 95 தொடர்ந்து. 94 ஜப்பான், சீபா நகரம். ஒன்பது நடுவர். அஞ்சு பேர் யூக்கா சாட்டோ பக்கம், நாலு பேர் இவ பக்கம். சாட்டோவும் நல்லாத்தான் ஆடினவ, அதை நான் மறைக்கேல்லை. ஆனா இந்தப் பிள்ளை எவ்வளவு பாய்ஞ்சாலும் அழகு காணாது, நளினம் காணாது எண்டு வருசக்கணக்காச் சொல்லிச் சொல்லியே புள்ளி வெட்டினவை. அண்டைக்கு மேடையில ஏற மாட்டன் எண்டு பக்கத்தில நிண்டவ. பதக்கத்தைப் போட்ட உடன கழட்டினவ. சனம் கூ எண்டு கத்தினது. அழுதுகொண்டு நிண்டவ

கொக்குவில் பெரியப்பா: பரிசைக் கழட்டின பிள்ளையின்ர பேரையோ எங்கட பிள்ளைக்கு.

பரிஸ் மாமி: ஓம் பெரியண்ணை. அந்தப் பிள்ளையின்ர பேரைத்தான்

பரிஸ் மாமி: 79ல மாவட்டப் போட்டி, உயரம் பாய்தலில நான் முதலாவது. கொழும்புக்குப் போக நீங்கள் விடேல்லை. குமர்ப்பிள்ளை காலைத் தூக்கிப் பாயிறதோ எண்டு கேட்டீங்கள்

மெல்பேர்ண் சித்தப்பா: அக்கா இது ரகுன்ர பிள்ளையின்ர பேர் விசயம்

அம்மா: மச்சாள் அது பழசு

கொக்குவில் பெரியப்பா: அப்ப ஐயா இருந்தவர். நான் தனிய எடுத்த முடிவில்லை.

பரிஸ் மாமி: தெரியும். ஆனா ஐயாவுக்கு முன்னால எனக்காக வாய் திறந்தது ஒரே ஒராள். முட்டை வித்த காசை முடிஞ்சு வைச்சு, யாழ்தேவி ரெயிலுக்கு ரிக்கற் இதில எடு எண்டு என்ர கையில தந்தது அம்மா. உங்கட சுந்தராம்பாள். அந்தப் பேரை நான் வேண்டாம் எண்டு ஒரு நாளும் சொல்ல மாட்டன்

நான்: அப்பாச்சியோ?

அம்மா: எனக்கே இது தெரியாது

(கொக்குவில் பெரியப்பா இந்தச் செய்தியை நீக்கிவிட்டார்)

சித்தி (மார்க்கம்): என்ன அழிச்சவர்

ஜனா: நான் பாத்திட்டன். சொல்ல மாட்டன்

துஷி மச்சாள்: மாமி பிறகு என்ன நடந்தது அவவுக்கு?

பரிஸ் மாமி: 96ல குதிக்கால் நரம்பு அறுந்து போச்சு. இனி அவ்வளவுதான் எண்டினம். திரும்பி வந்தவ. 98 ஒலிம்பிக், ஜப்பான் நகானோவில. எங்களுக்கு மத்தியானம். நான் அப்ப ஒரு சாப்பாட்டுக் கடையில கோப்பை கழுவுறன், குசினியில சின்ன ரீவி. கால் நோவோட ஆடுறா, விழுந்தும் போனா. பதக்கம் இனி இல்லை எண்டு அவவுக்கே தெரியும். அப்ப, நடுவில, ஐஸில இருந்து எழும்பிப் பின்னால கரணம் அடிச்சு ஒற்றைக் காலில வந்து நிண்டா. கரணம் தடை. 76 ஒலிம்பிக்கில அமெரிக்காவின்ர டெரி குபிக்கா அடிச்ச பிறகு தடை செய்தது. மற்றப் பாய்ச்சல் எல்லாம் ஒற்றைக் காலில விழுகிறது, கரணம் இரண்டு காலில விழுகிறது, அதால அது பாய்ச்சலே இல்லை எண்டும் ஒரு நியாயம் சொல்லுவினம். அதுக்குத்தான் ஒற்றைக் கால். கையில கோப்பையோட கத்திப்போட்டன். முதலாளி வந்து பாத்தவர்

ஜனா: ஐயோ புள்ளி?

பரிஸ் மாமி: வெட்டினவைதான். பத்தாவது இடம். அதோட போட்டி ஆட்டத்தை விட்டிட்டு, பிறகு வருசக்கணக்கா மேடைக் காட்சியில ஆடினவ. அமெரிக்காவில சின்னப் பிள்ளையளுக்குப் பழக்கினவ. 2024 தையில எங்கட பிரெஞ்சுப் பெடியன் அடம் சியாவோ ஹிம் ஃபா ஐரோப்பியப் போட்டியில அதே கரணம் அடிச்சு, புள்ளி வெட்டியும் முதலாவதா வந்தவன். அந்த வருசமே உலக ஸ்கேட்டிங் சங்கம் தடையை எடுத்தது. 26 வருசம் பிள்ளை. அவ அடிச்சதை இப்ப ஆரும் அடிக்கலாம்

துஷி மச்சாள்: ரகு இதை வாசி

ரகு அண்ணா: வாசிச்சன். வேலையில நிக்கிறன். பின்னேரம் கதைப்பம்

மெல்பேர்ண் சித்தப்பா: ரெண்டையும் வைச்சால் என்ன. சூரியா சுந்தராம்பாள்

ஜனா: விண்ணப்பத்தில பெட்டி காணாது

அம்மா: சூ எண்டு நெடில் வந்தாலும் பறவாயில்லையாம், ஐயரைக் கேட்டனான்

சித்தி (மார்க்கம்): கேக்காரனுக்கு நாளைக்குச் சொல்லவேணும். இப்போதைக்குச் சு எண்டு ஒரு எழுத்துப் போடச் சொல்லுறன். பேர் முடிவானால் அவன் ஐசிங்கால வாலை இழுத்துச் சூ ஆக்குவான்

துஷி மச்சாள்: ஓகே சித்தி

கொக்குவில் பெரியப்பா: தங்கச்சி

பரிஸ் மாமி: சொல்லுங்கோ அண்ணை

கொக்குவில் பெரியப்பா: அந்தக் கரணம் அடிக்கிற வீடியோ இருந்தால் அனுப்பு. இஞ்ச இப்பதான் கரண்ட் வந்தது.

பரிஸ் மாமி: தேடி அனுப்புறன்

சித்தி (மார்க்கம்): அப்ப ரோல்ஸ் 150