லோடுமேன் காலுக்கு 1,60,000: ஹைகோர்ட் மதுரை பெஞ்சுக்கு அப்பீல் போகலாமா, விட்டுடலாமா?

ஒத்தக்கடை_கேள்வி:
மாட்டுத்தாவணியில் லோடுமேன், வயசு 38. ரிங் ரோட்டில் பைக்கில் போறப்ப லாரி மோதி வலது தொடை எலும்பு முறிஞ்சு, உள்ளே ராடு வச்சிருக்கு. கால் குட்டை, முழங்கால் முழுசா மடங்காது. டாக்டர் சான்று 40 சதவீதம். விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம் மாச வருமானம் 12,000ன்னு ஏத்துக்கிட்டும், ஊனத்துக்குச் சதவீதத்துக்கு 4,000 வீதம் 1,60,000 மட்டும் போட்டிருக்கு. மருத்துவச் செலவு தனி. அப்பீல் பண்ணலாமா?

வைகைக்கரை:
கண்டிப்பாப் பண்ணணும். மூட்டை தூக்குறவர் காலுக்கும் கல்லாவில் உட்காருறவர் காலுக்கும் ஒரே 4,000ஆ? தொழிலையே பாதிக்கிற ஊனம்னா பெருக்கி முறைதான்: வருச வருமானத்தை வயசுக்கேத்த எண்ணால் பெருக்கி, அதில் ஊனச் சதவீதம் எடுக்கணும். உச்ச நீதிமன்றத்தோட சரளா வர்மா தீர்ப்பு (2009) அட்டவணையில் 36 முதல் 40 வயசுக்குப் பெருக்கி 15. பிரணய் சேத்தி (2017) படி 40 வயசுக்குக் கீழே சொந்த உழைப்புக்காரருக்கு எதிர்கால வருமானம் 40 சதவீதம் கூட்டணும். காயமடைஞ்சவருக்கும் அது உண்டுன்னு 2020ல் உச்ச நீதிமன்றம் தெளிவாச் சொல்லிருச்சு. 16,800 × 12 × 15 = 30,24,000. அதில் 40 சதவீதம் 12,09,600.

தெற்குவெளி:
கணக்கு அழகா இருக்கு தம்பி. சான்றை எடுத்துப் படிங்க. 40ங்கிறது வலது காலுக்கா, முழு உடம்புக்கா? அந்த ஒரு வரியில்தான் கேஸே இருக்கு. ராஜ்குமார் தீர்ப்பில் (2010) காலுக்கு 45 சதவீதம் ஊனம். வருமான இழப்பா எடுத்தது 20தான். சான்று கொடுத்த டாக்டர் சிகிச்சை பார்த்தவரா, கூண்டில் ஏறினாரா, இல்லை பணம் வாங்கிட்டு எழுதிக் கொடுத்தவரா? குறுக்கு விசாரணையில் "முழு உடம்புக்கு எவ்வளவு?"ன்னு இன்சூரன்ஸ் வக்கீல் கேட்டு, பதில் ரெக்கார்டில் இருந்தா 12 லட்சம் கனவுதான்.

வைகைக்கரை:
சரி அண்ணே, உங்க 20ஐயே வச்சுக்குவோம். 6,04,800 வருது. கையில் இருக்கிற 1,60,000 அதில் கழிஞ்சிடும், ரெண்டையும் சேர்த்துத் தர மாட்டாங்க. கழிச்சும் 4,44,800 மிச்சம், வட்டி வேற. அதே ராஜ்குமார் தீர்ப்புதான், காயம்பட்டவர் என்ன வேலை பார்த்தார், இப்ப எதைச் செய்ய முடியலைன்னு பார்க்கணும்னும் சொல்லுது. குத்துக்காலிட்டு உட்காரவே முடியாதவர் மூட்டைக்கு முதுகு கொடுக்க முடியுமா?

தெற்குவெளி:
அதை டாக்டர் வாயால் சொல்ல வச்சிருக்கணும். சாட்சியத்தில் அது இல்லைன்னா பெஞ்சில் புதுசாச் சாட்சி சேர்க்கிறது லேசில்லை. அங்கே மனு போட்டு, கீழ்க் கோர்ட்டிலேயே ஏன் கொடுக்கலைன்னு காரணம் சொல்லணும். இன்னொண்ணு: இவர் அப்பீல் போட்டா, நோட்டீஸ் கிடைச்ச ஒரு மாசத்துக்குள்ளே இன்சூரன்ஸ்காரங்க கிராஸ் அப்ஜெக்ஷன், அதாவது தங்க பங்குக்கு எதிர் ஆட்சேபம், போடலாம். பைக்கில் போனவருக்கும் கவனக்குறைவுன்னு 20, 25 சதவீதம் கழிக்கச் சொல்லுவாங்க. வாங்கினதும் குறையும்.

ஆரப்பாளையம்_ரவுண்டானா:
அதுக்கு எஃப்.ஐ.ஆர். யார் மேல, விபத்து நடந்த இடத்துக்குப் போலீஸ் போட்ட மேப் என்ன காட்டுதுன்னு பாருங்க. ஹெல்மெட் போடலைங்கிற வாதம் கால் முறிவுக்கு ஒட்டாது. லைசென்ஸ் இல்லைங்கிறதும் தனியா நின்னா போதாது. அவர் ஓட்டின விதம் விபத்துக்குக் காரணம்னு காட்டணும். லாரி வளைவில் தப்பான பக்கம் வந்தது மேப்பிலேயே இருந்தா பயப்பட ஒண்ணுமில்லை.

நாள் கணக்கு முக்கியம். அவார்டு (தீர்ப்பாயத் தீர்ப்பு) தேதியிலிருந்து 90 நாள். தீர்ப்பு நகல், டிக்ரி நகல் ரெண்டுக்கும் அன்னைக்கே மனுப் போடுங்க. நகல் தயாராகிற நாள் கழிஞ்சிடும். தாமதமானாலும் மன்னிப்பு மனு உண்டு, ஆனா தாமதக் காலத்துக்கு வட்டி இல்லைன்னு சொல்லி ஏத்துக்கிறதே வழக்கம். அப்பீலில் தகராறான தொகை ஒரு லட்சத்துக்குக் கீழே இருந்தா அப்பீலே கிடையாது. இங்கே அந்தச் சிக்கல் இல்லை.

தெற்குவெளி:
ஒத்துக்கிறேன். ஆனா வீட்டில் அடுப்பெரிய இப்ப காசு வேணும். வருசக்கணக்கா லிஸ்டில் வராமக் கிடந்தா?

வைகைக்கரை:
இன்சூரன்ஸ் கம்பெனி கட்டின பணத்தை எடுக்கிறதுக்கும் அப்பீலுக்கும் சம்பந்தமே இல்லை அண்ணே. இப்ப எடுத்துக்கலாம், கூடுதலுக்கு மட்டும் அப்பீல். "முழுத் திருப்தி"ன்னு எதிலும் கையெழுத்துப் போடாம இருந்தாப் போதும்.

ஆரப்பாளையம்_ரவுண்டானா:
பெஞ்சில் அப்பீலுக்கு நம்பர் விழுந்த பிறகு லோக் அதாலத்துக்கு (சமரசம் பேசி முடிக்கிற மன்றம்) கேட்டு வாங்குறதும் ஒரு வழி. ஆனா அங்கே கையெழுத்துப் போட்டா அதுக்கு மேலே அப்பீல் இல்லை. நாலு லட்சத்துக்குக் குறைச்சுப் பேசினா எழுந்து வந்துடணும்.

தெற்குவெளி:
மூணுக்கே முடிக்கலாம்னு நான் சொல்லுவேன். முதல்ல அந்தச் சான்றில் "வலது கால்"னு இருக்கா, "முழு உடல்"னு இருக்கா? கேள்வி கேட்டவர் அதைச் சொல்லட்டும்.

ஒத்தக்கடை_கேள்வி:
இப்பப் பார்த்தேன். "வலது கீழ் அவயவம்"னுதான் எழுதியிருக்கு. டாக்டர் கூண்டில் ஏறியிருக்கார், சிகிச்சை பார்த்தவரேதான்.

வைகைக்கரை:
அப்ப அவர் சாட்சியத்துக்கும் நகல் மனுப் போடுங்க, டிக்ரியோடவே.