பப்பாளி ஸ்மூத்தி பாண்டி போறதுக்குள்ள கசந்துடுது

கடலூர் மஞ்சக்குப்பம். மகள் காலைல 7 மணி பஸ்ல பாண்டிக்கு காலேஜ் போறா, உக்காந்து இட்லி சாப்பிட நேரமில்ல. பப்பாளி, பால், ரெண்டு பேரீச்சை மிக்ஸில அடிச்சு ஸ்டீல் பாட்டில்ல குடுத்தனுப்பறேன். அடிச்ச உடனே குடிச்சா அருமை. ஒரு மணி நேரத்துல கசப்பு, லேசா திரியவும் ஆரம்பிக்குது. இந்த மாசம் பூரா இதே கதை.

காய்ச்சி ஆறின பால்தான் ஊத்தறேன், பாக்கெட்டும் மாத்திப் பாத்தாச்சு. நல்லா கனிஞ்ச பழம், விதை ஒண்ணுகூட இல்ல. பாட்டிலை வெந்நீர்ல கழுவியாச்சு. அதே பால்ல வாழைப்பழம் அடிச்சா மதியம் வரை கெடறதில்ல (அதை அவ தொடமாட்டா, அது வேற பஞ்சாயத்து). பப்பாளில இருக்கற பப்பைன்ங்கற என்சைம் (நொதி) பாலோட புரதத்தை உடைக்கறதுதான் காரணம்னு படிச்சேன்.

பழத்தை ஆவியில வேகவெச்சு, ஆறவெச்சு அடிச்சா கசப்பு நிக்குமா? செஞ்சு பாத்தவங்க யாராவது இருக்கீங்களா?