கட்டிப்பிடி வைத்தியம் கடல்பாம்புக்குக் கேட்குமா?

பாம்பன்வாசி:
‘வசூல்ராஜா’ டிவியில ஓடுனா போதும், டீக்கடையில ஒரே பேச்சு: அன்பாப் பேசுறவர்தான் டாக்டர், பட்டம் எதுக்கு? பட்டமில்லாம ஊசி போடுறவங்களுக்கும் இதே நியாயம்தான் சொல்றாங்க. படம் அதையா சொல்லுது?

சாயல்குடி:
இல்ல தம்பி. 2004-ல வந்த படம், ஆள்மாறாட்டத்துல நுழைவுத் தேர்வு ஜெயிச்சு உள்ள வர்றவன் கதை. தரை துடைக்கிற பெரியவரைக் கட்டிப்பிடிச்சது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கு. கேன்சர் பையனை அதே கையால காப்பாத்த முடியாமப் போனதை மறந்துட்டாங்க. நிஜத்துல பதிவு இல்லாம வைத்தியம் பார்த்தா 2019 தேசிய மருத்துவ ஆணையச் சட்டம் 34-ஆம் பிரிவுப்படி ஒரு வருஷம் வரை ஜெயில், இல்ல 5 லட்சம் வரை அபராதம், ரெண்டும் சேர்ந்தும் வரலாம்.

மண்டபம் நர்ஸ்:
நம்ம கரைக்கு சரியான உதாரணம் கடல்பாம்புக் கடி. வலை உதறும்போது கடிச்சா வலியே தெரியாது, வீக்கமும் இருக்காது. ‘ஒண்ணுமில்லப்பா, பயப்படாத’ன்னு தோளைத் தட்டி வீட்டுக்கு அனுப்புறது அன்புதான், ஆனா ஆளைக் கொன்னுரும். அரை மணியிலிருந்து சில மணி நேரத்துக்குள்ள கழுத்து, தொடை, முதுகு இறுகி வலிக்கும். அப்புறம் ஒண்ணுக்கு கடுங்காப்பி நிறத்துல போகும். தசை சிதைஞ்சு பொட்டாசியம் ஏறினா இதயம் நிக்கலாம், கிட்னியும் போகும்.

இதுல பட்டக்காரரும் வழுக்கலாம். கடல்பாம்பு கடிச்சிருந்தாலும் 20 நிமிஷ ரத்த உறைவுச் சோதனையில ரத்தம் ஒழுங்கா உறையும். கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் கடிக்குத்தான் அது துப்பு. உறைஞ்சிருச்சேன்னு அனுப்பிடக் கூடாது. நம்ம ஊர் விஷமுறிவு மருந்து நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நாலுக்கு மட்டும்தான். கடல்பாம்புக்கு வென்டிலேட்டரும் டயாலிசிஸும் இருக்கிற இடம் வேணும்.

கீழக்கரை:
நர்ஸக்கா சொன்னதோட ஒண்ணு. இங்க கனிவுதான் நோயைக் கண்டுபிடிக்கிற கருவி. ‘எங்க வலிக்குது?’ன்னு நிமிராமக் கேட்டா ‘உடம்பு வலி’ன்னுதான் பதில் வரும், பாரசிட்டமால் எழுதிருவாங்க. ‘காலையில என்ன வலை இழுத்தீங்க, அதுல என்ன கிடந்துச்சு?’ன்னு உட்கார்ந்து கேட்டாத்தான் பாம்பு வெளிய வரும்.

பாம்பன்வாசி:
கரைவலைக்காரங்க கையோட என்ன செய்யணும்?

மண்டபம் நர்ஸ்:
நடக்க விடாதீங்க. கடிபட்ட கையையோ காலையோ அகலமான துணியால கீழிருந்து மேலா சுத்தி, துடுப்புக் கட்டையோ பலகையோ வச்சு அசையாமக் கட்டுங்க. கயிறு இறுக்கக் கூடாது, கீறக் கூடாது. கடிச்ச நேரத்தைக் குறிச்சுக்கிட்டு 108-க்குப் போடுங்க. வலி இல்லன்னாலும் ஆஸ்பத்திரியில 24 மணி நேரம் இருக்கணும். பாம்பைப் பிடிச்சுக் கொண்டுவர வேண்டாம், போட்டோ போதும். செத்த பாம்பும் கடிக்கும்.