ஜேன் ஆஸ்டின் நாவலுக்குள் ஒரு நாடகம் வருகிறதே, அதை எழுதிய நடிகை யார்?

நெல்லை வாசகி கேட்கிறார்:

வணக்கம். தொலைநிலைக் கல்வியில் எம்.ஏ. ஆங்கில இலக்கியம் படிக்கிறேன். பகலெல்லாம் வேலை, இரவு பத்து மணிக்கு மேல்தான் புத்தகத்தைத் திறக்க முடிகிறது. இந்தப் பருவத்தில் 'மான்ஸ்ஃபீல்ட் பார்க்' பாடமாக இருக்கிறது. வீட்டுப் பெரியவர் ஆன்டிகுவாவுக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து, இளையவர்கள் 'லவ்வர்ஸ் வவ்ஸ்' என்ற நாடகத்தை வீட்டிலேயே நடித்துப் பார்க்கக் கிளம்புகிறார்கள். அந்தப் புத்தகத்தைப் புரட்டிய நாவலின் நாயகி ஃபேனி அதிர்ந்துபோகிறாள். பெரியவர் திரும்பி வந்ததும் மேடையைப் பிரிக்கச் சொல்கிறார். கண்ணில் பட்ட நாடகப் பிரதிகளை எல்லாம் எரித்தும் விடுகிறார்.

என் பாடநூலின் அடிக்குறிப்பில் 'திருமதி இஞ்ச்பால்ட், நடிகை, நாடக ஆசிரியை' என்று ஒரே ஒரு வரி இருக்கிறது. இத்தனை களேபரம் செய்த நாடகத்தை எழுதியவருக்கு ஒரு வரிதானா என்று மனம் கேட்கவில்லை. அவர் யார்? அந்த நாடகத்தில் எரிக்கும் அளவுக்கு என்ன இருக்கிறது? உடன் படிக்கும் தோழி ஒருத்தி, அவர்தான் இங்கிலாந்தின் முதல் பெண் நாடகாசிரியர் என்றும், அவருக்குத் திக்குவாய் என்றும் சொல்கிறாள். திக்குவாய் உள்ளவர் நடிகையாக எப்படி முடியும்? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பூவரசு:

இரண்டாவது கேள்விக்கு மட்டும் நான். 'லவ்வர்ஸ் வவ்ஸ்' அவருடைய சொந்தக் கதையன்று. ஜெர்மானிய நாடகாசிரியர் கோட்சபூ எழுதியதை எடுத்து இங்கிலாந்து மேடைக்கு ஏற்றபடி மாற்றினார். 1798 அக்டோபரில் லண்டன் கோவென்ட் கார்டன் அரங்கில் மேடையேறி, அந்தப் பருவத்தில் மட்டும் 42 இரவுகள் நடந்தது.

எரிக்க என்ன இருக்கிறது என்றால், இரண்டு விஷயங்கள். திருமணமாகாமல் பிள்ளை பெற்றுக் கைவிடப்பட்ட அகாதா என்ற பெண்ணின் மீது நமக்கு இரக்கம் வரும்படி கதை போகிறது. இன்னொன்று, பிரபுவின் மகள் அமேலியா தனக்குப் பாடம் சொல்லித்தரும் பாதிரியாரிடம் தானே முந்திக்கொண்டு காதலைச் சொல்கிறாள். பெண் வாய் திறக்கலாமா என்பதுதான் அன்றைய ஆட்சேபம். நாவலில் அமேலியாவாக நடிக்க வருபவள் மேரி கிராஃபோர்ட், பாதிரியாராக வருபவன் ஃபேனி மனத்துக்குள் விரும்பும் எட்மண்ட் என்பதைக் கவனியுங்கள். ஃபேனியின் கலக்கத்துக்கு ஒழுக்கம் மட்டும் காரணமா என்பதைத் தேர்வுத்தாளில் எழுதுங்கள், மதிப்பெண் விழும்.

ஒரு வேடிக்கை: நாவலில் ரஷ்வொர்த் என்ற அசடு தனக்கு 42 வசனங்கள் இருப்பதாகப் பெருமை அடித்துக்கொள்வான். 42 இரவுகளுக்கும் இதற்கும் தொடர்பு உண்டா என்று என்னைக் கேட்காதீர்கள்.

பழைய பேரேடு:

மகளே, நான் முப்பத்தோரு ஆண்டுகள் வங்கியில் கணக்குப் பார்த்து ஓய்வு பெற்றவன். இலக்கியம் முறையாகப் படித்தவன் இல்லை. எலிசபெத் இஞ்ச்பால்டைப் பிடித்துப்போனதற்குக் காரணமே அந்த அம்மாளின் வரவு செலவுதான். அவர் பல ஆண்டுகள் நாட்குறிப்பு எழுதினார். அவற்றில் சில இன்றும் இருக்கின்றன. யாரைப் பார்த்தேன், என்ன படித்தேன், எவ்வளவு செலவழித்தேன் என்று சுருக்கச் சுருக்கமான குறிப்புகள். அழுகை, பெருமூச்சு எல்லாம் ஒரு சொல்லில் முடிந்துவிடும்.

முதலில் உங்கள் தோழியைத் திருத்திவிடுகிறேன். முதல் பெண் நாடகாசிரியர் இவர் இல்லை. இவருக்கு நூறாண்டுகளுக்கு முன்பே அஃப்ரா பென் எழுதிப் பிழைத்தார். அதற்குப் பிறகு சூசன்னா சென்ட்லிவர். இவர் காலத்திலேயே ஹன்னா கௌலி கொடிகட்டிப் பறந்தார். ஆனால் திக்குவாய் உண்மை.

1753இல் சஃபோக் மாவட்டத்தில் ஸ்டானிங்ஃபீல்ட் என்ற ஊரில் பிறந்தார். விவசாயக் குடும்பம், கத்தோலிக்கர்கள். அன்றைய இங்கிலாந்தில் கத்தோலிக்கராக இருப்பது சௌகரியமான காரியமில்லை. அண்ணன் ஜார்ஜ் நடிகனாகப் போய்விட்டார், தங்கைக்கும் அந்த ஆசை. பேச்சு திக்கும் பெண்ணுக்கு நாடகமா என்று வீட்டில் யாரும் ஒப்பவில்லை. 1772 ஏப்ரலில், பதினெட்டு வயதில், சொல்லாமல் கொள்ளாமல் லண்டனுக்கு வண்டி ஏறிவிட்டார். தனியாக வந்த அழகான பெண்ணை லண்டன் எப்படி வரவேற்றிருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. வேலை தருகிறேன் என்று சொல்லிக் கை நீட்டிய ஒருவர் முகத்தில் வெந்நீரை வீசினார் என்று ஒரு கதை உண்டு. இரண்டே மாதத்தில் ஜோசஃப் இஞ்ச்பால்ட் என்ற நடிகரை மணந்துகொண்டார். கணவருக்கு இவரைப்போல் இரு மடங்கு வயது. காதலைவிடப் பாதுகாப்பு முக்கியமாகப் பட்டிருக்கும் என்பது என் எண்ணம்.

அந்த செப்டம்பரிலேயே பிரிஸ்டலில் முதல் மேடை. ஷேக்ஸ்பியரின் நாடகத்தில் கணவர் லியர் மன்னர், இவர் மகள் கார்டீலியா. பிறகு நான்கு ஆண்டுகள் ஸ்காட்லாந்தில் ஊர் ஊராக நாடகம். 1776இல் பிரான்ஸுக்குப் போய்ப் பிழைக்கலாம் என்று இருவரும் கப்பல் ஏறினார்கள். கணவருக்கு ஓவியம் கற்கும் ஆசை. கைப்பணம் தீர்ந்து திரும்பி, பிரைட்டன் பக்கம் வந்து இறங்கியபோது வயலில் டர்னிப் கிழங்கைப் பிடுங்கித் தின்று பசியாறினார்கள். அந்தப் பசியை அவர் வாழ்நாள் முழுக்க மறக்கவில்லை என்றுதான் அவருடைய பிற்காலக் கணக்கு சொல்கிறது. அடுத்து லிவர்பூலில் சேர்ந்த குழுவில் சாரா சிடன்ஸும் அவர் தம்பி ஜான் கெம்பிளும் நண்பர்களானார்கள். இருவரும் பின்னாளில் இங்கிலாந்து மேடையையே ஆண்டவர்கள். 1779இல் லீட்ஸ் நகரில் கணவர் திடீரென்று இறந்தார். அம்மாளுக்கு இருபத்தைந்து வயது. மறுமணம் செய்துகொள்ளவே இல்லை.

1780 முதல் கோவென்ட் கார்டனில் நடித்தார். சொல்லிக்கொள்ளும்படியான பெரிய நடிகை இல்லை. சிறு வேடங்கள், சிறு சம்பளம். எழுத்துதான் வாழ்க்கையைத் திருப்பியது, கணக்கும் இங்கேதான் சுவைக்கத் தொடங்குகிறது. 1784இல் ஹேமார்க்கெட் அரங்கின் ஜார்ஜ் கோல்மன் 'மொகல் டேல்' என்ற இரண்டு அங்கக் கேலி நாடகத்துக்கு 100 கினி கொடுத்தார். கினி என்றால் ஒரு பவுண்டு ஒரு ஷில்லிங். ஆக 105 பவுண்டு. அடுத்த ஆண்டு 'ஐ'ல் டெல் யூ வாட்' நாடகத்துக்கு 300 பவுண்டு. அன்றைய வழக்கப்படி மூன்றாம், ஆறாம், ஒன்பதாம் இரவு வசூல் ஆசிரியருக்கு, அரங்கச் செலவு போக. நாடகம் இரண்டாம் இரவோடு படுத்துவிட்டால் ஆசிரியருக்குப் பட்டை நாமம். அதனால் மூன்றாம் இரவைத் தாண்டும்படி எழுதத் தெரிய வேண்டும், இவருக்குத் தெரிந்திருந்தது. 1789இல் நடிப்பை விட்டுவிட்டார். பேனா சோறு போடும் என்று கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் விட்டிருப்பார். 1791இல் வந்த 'எ சிம்பிள் ஸ்டோரி' நாவலின் உரிமை 200 பவுண்டுக்குப் போனது. அதில் வரும் பாதிரியார் பாத்திரம் கெம்பிளை மனத்தில் வைத்து எழுதியது என்பார்கள். கெம்பிள் பாதிரியாராகப் போகப் படித்துவிட்டு நடிகரானவர்.

சம்பாதித்ததை என்ன செய்தார்? முதலீடு செய்தார், வட்டியில் சகோதரிகளையும் உறவினரையும் தாங்கினார். தான் மட்டும் மாடியறைகளில் சிக்கனமாக இருந்தார். நிலக்கரியும் தண்ணீரும் தாமே சுமந்து ஏறுவார். குளிரில் தான் அழுத நாட்களில்கூட அக்காள் அறையில் காலையில் யாரோ தீ மூட்டித் தருகிறார்கள் என்று நினைத்து ஆறுதல்பட்டதாகச் சொல்லியிருக்கிறார். ஒருமுறை, பிரபு வீட்டுச் சாரட்டு இரண்டு சேவகர்களோடு வாசலில் காத்து நிற்க, தான் படுக்கையறைத் தரையைத் தேய்த்து முடித்துவிட்டுப் போய் ஏறியதை அவரே எழுதுகிறார். பெருமையா, கிண்டலா என்று எனக்கு இன்றும் பிடிபடவில்லை.

உங்கள் 'லவ்வர்ஸ் வவ்ஸ்' பற்றி ஒன்று. இந்த அம்மாளுக்கு ஜெர்மன் தெரியாது. யாரோ செய்து கொடுத்த சொல்லுக்குச் சொல் மொழிபெயர்ப்பை வைத்துக்கொண்டு திருத்தி எழுதினார். அமேலியாவின் துடுக்கு மூலத்தில் இன்னும் அதிகம். லண்டன் ரசிகர் தாங்கமாட்டார்கள் என்று குறைத்ததாக அவரே முன்னுரையில் சொல்கிறார். குறைத்த பிறகுதான் ஃபேனிக்கு அந்த அதிர்ச்சி.

ஈரெழுத்து:

எனக்கும் சிறு வயதிலிருந்து திக்குவாய். 'ப' வில் தொடங்கும் எந்தப் பெயரும் எனக்கு எதிரி. அதனால் மூன்றாவது கேள்விக்கு நான் பதில் சொல்கிறேன்.

மனப்பாடம் செய்த வரியும், தன்னுடையதல்லாத குரலும் இருந்தால் எங்களில் பலருக்குத் திக்கல் குறைந்துவிடும். பாட்டில் வரவே வராது. பள்ளி நாடகத்தில் நான் மூன்று பக்க வசனத்தைத் தடங்கலின்றிப் பேசினேன். திரை விழுந்ததும் தலைமை ஆசிரியர் பெயர் கேட்டார், என் பெயர் வரவில்லை. சபையில் சிரிப்பு. ஆகவே இஞ்ச்பால்ட் நடித்ததில் எனக்கு அதிசயமே இல்லை. கடினமான சொற்களை எழுதி வைத்துக்கொண்டு தினமும் பயிற்சி செய்வாராம். நானும் அதையே செய்தேன், அவரைப் பற்றிக் கேள்விப்படாமலே.

ஐயா ஒரு கதையை விட்டுவிட்டார். 'மொகல் டேல்' முதல் இரவில் ஆசிரியர் பெயரைச் சொல்லவில்லை. அம்மாளே ஒரு சிறு வேடத்தில் மேடையில் நிற்கிறார். தன் நாடகம் தேறுமா என்ற பதற்றத்தில் தன் வரி வந்ததே தெரியவில்லை. பிறகு 'ஹைட் பார்க் கார்னர்' என்ற மூன்றே சொல்லை இழுத்து இழுத்துத் திக்கித்தான் சொல்ல முடிந்ததாம். மற்றவர் எழுதிய கார்டீலியா திக்கவில்லை. தான் எழுதிய மூன்று சொல் திக்கியது. படித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன்.

நெல்லை வாசகி:

எல்லோருக்கும் நன்றி. ஈரெழுத்து ஐயா, தோழியிடம் உங்கள் பதிலை அப்படியே படித்துக் காட்டினேன். பேரேடு ஐயா, இரண்டு சந்தேகங்கள். அது என்ன மொகல் கதை, நம் முகலாயர்தானா? அப்புறம், இவ்வளவு கணக்கு எழுதியவர் சுயசரிதை எழுதவில்லையா?

பழைய பேரேடு:

முகலாயர்தான். 1783இல் பிரான்ஸில் மனிதர்கள் பலூனில் பறந்தார்கள். லண்டன் முழுக்க அதே பேச்சு. நம் அம்மாள் காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்கிற ஆள். இத்தாலியர் லூனார்டி பலூனில் லண்டனிலிருந்து பறந்தது 1784 செப்டம்பர். அதற்கு இரண்டு மாதம் முன்பே, ஜூலையில், இவருடைய பலூன் மேடையில் இறங்கிவிட்டது. லண்டன் செருப்புத் தைப்பவர் ஒருவர், அவர் மனைவி, பலூனை ஓட்டும் வைத்தியர் ஆகிய மூவரும் திசை தப்பி முகலாய மன்னரின் அந்தப்புரத்தில் வந்து விழுகிறார்கள். உயிருக்குப் பயந்து பொய் மேல் பொய். செருப்புத் தைப்பவர் போப்பாகவே ஆகிவிடுகிறார். முதலிலிருந்தே உண்மை தெரிந்த மன்னர் வேடிக்கை பார்க்கிறார்.

ஆனால் கடைசியில் சிரிப்பு நின்றுவிடும். உங்கள் தேசத்தார் இங்குள்ள ஏழை இந்துக்களுக்குச் செய்த கொடுமையைப் பார்த்துத்தான் கொடுங்கோன்மை எவ்வளவு அசிங்கம் என்று தெரிந்துகொண்டேன், அதனால் இரக்கத்தோடு ஆளத் தீர்மானித்தேன் என்று மன்னர் சொல்லி மூவரையும் விடுவிக்கிறார். கிழக்கிந்தியக் கம்பெனியைக் கட்டுப்படுத்துவதா வேண்டாமா என்று பாராளுமன்றம் அடித்துக்கொண்டிருந்த அதே ஆண்டில், கோமாளி நாடகத்துக்குள் இதை வைத்தார். அந்தப்புரமும் அடிமைப்பெண்ணும் வழக்கமான ஐரோப்பியக் கற்பனைதான், அதை நான் மறைக்கவில்லை. இருந்தாலும் முதல் நாடகத்திலேயே இந்த வரியை வைக்கத் துணிச்சல் வேண்டும்.

சுயசரிதை எழுதினார், நான்கு தொகுதி. பதிப்பாளர் ஒருவர் 1000 பவுண்டு தருவதாகச் சொல்லியும் கொடுக்கவில்லை. வாழ்நாளில் அவர் எழுத்துக்குக் கேட்கப்பட்ட பெருந்தொகைகளில் இது ஒன்று. கடைசிக் காலத்தில் பாவமன்னிப்பு வழங்கும் குருவிடம் யோசனை கேட்டார். அழித்துவிடுவதே நல்லது என்று பதில் வந்தது. அழித்துவிட்டார். 1821 ஆகஸ்ட் 1ஆம் தேதி கென்சிங்டனில் இறந்தபோது கையிருப்பு ஐயாயிரம் பவுண்டுக்கு மேல். டர்னிப் தின்ற பெண். 1833இல் ஜேம்ஸ் போடன் அவருடைய வாழ்க்கை வரலாற்றை வெளியிட்டார். நமக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி அந்த நூலிலிருந்து வருவது.

எரித்தது எனக்கு இன்றும் ஆறவில்லை, மகளே. கணக்குப் புத்தகத்தில் ஒரு பக்கம் கிழிந்திருந்தாலே எனக்குத் தூக்கம் வராது.

பூவரசு:

ஐயா, அவர் விமர்சனமும் எழுதியவர் என்பதைச் சேர்த்துவிடுங்கள். 1806 முதல் 1809 வரை 'பிரிட்டிஷ் தியேட்டர்' வரிசையில் 125 நாடகங்களுக்கு முன்னுரை எழுதினார். ஷேக்ஸ்பியரையும் தன் நாடகங்களையும் ஒரே தராசில் நிறுத்தினார். அவர் சொன்னது பிடிக்காமல் இளைய கோல்மன், அதாவது முதல் 100 கினி கொடுத்தவரின் மகன், கோபமாகக் கடிதம் எழுத, இவர் மரியாதையாகவே பதில் குத்தினார்.

நெல்லை வாசகி:

'மொகல் டேல்' இணையத்தில் இலவசமாகவே கிடைத்தது. நாளைக் காலை பஸ்ஸில் படித்துவிடுவேன். அடிக்குறிப்பின் ஒரு வரிக்குக் கீழே பென்சிலால் எழுதத் தொடங்கினேன், பக்கத்தின் ஓரம் போதவில்லை.